அறிவிப்பு என்ன ஆனது? தமிழ்நாடு அரசைக் கணக்குக் கேட்கப் புதிதாக வருபவர்களுக்கு ஒரு வழிகாட்டி

சட்டமன்றத்தில் அமைச்சர் எழுந்து உங்கள் ஊர் ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் புதிய கட்டடம் என்று அறிவிக்கிறார். மேசை தட்டுகிறார்கள், மறுநாள் பேப்பரில் செய்தி, ஊர் முக்கில் நன்றி பேனர். இரண்டு வருடம் கழித்துப் போய்ப் பார்த்தால் அதே பழைய ஓட்டுக் கட்டடத்தில்தான் நர்ஸம்மா ஊசி போட்டுக்கொண்டிருக்கிறார். யாரைக் கேட்பது, எப்படிக் கேட்பது என்று தெரியாமல் டீக்கடையில் திட்டிவிட்டு வந்துவிடுகிறோம். திட்டுவதில் தப்பில்லை, ஆனால் அதற்குப் பதில் சொல்லும் கட்டாயம் அரசுக்கு இல்லை. எழுத்தில், சரியான அலுவலரிடம், இன்ன காகிதம் வேண்டும் என்று கேட்டால் கட்டாயம் இருக்கிறது. அப்படிக் கேட்பது எப்படி என்பதைத்தான் இங்கே முதலிலிருந்து சொல்கிறேன்.

அமைச்சரவை சட்டப் பேரவைக்குக் கூட்டாகப் பதில் சொல்ல வேண்டும் என்று அரசியலமைப்பின் 164(2) பிரிவு சொல்கிறது. தமிழ்நாட்டில் அது 234 உறுப்பினர்கள் கொண்ட ஒரே அவை, மேலவை 1986-இல் கலைக்கப்பட்டுவிட்டது. ஆளுங்கட்சிக்குப் பெரும்பான்மை உறுதியாக இருக்கும் காலத்தில் கேள்வி கேட்கும் வேலை கொஞ்சம் பேர் தலையில் விழுகிறது, அவர்களுக்கும் ஒரே நாளில் இரண்டு மூன்று துறைகளின் மானியக் கோரிக்கை (அந்த ஆண்டுச் செலவுக்குத் துறை பேரவையிடம் பணம் கேட்பது) வந்து நிற்கும்போது எதைப் பிடித்துப் பேசுவது என்று தெரியாது. ஊரில் இருக்கும் நீங்கள் ஆதாரத்தைச் சேர்த்துக் கொடுத்தால் அவர்களின் கேள்விக்குப் பல் முளைக்கும். ஆதாரம் இல்லாத கேள்வி வெறும் மேடைப் பேச்சாகத்தான் முடிகிறது, அதை அமைச்சர்கள் எளிதாகச் சமாளித்துவிடுவார்கள்.

ஒரே ஒரு அறிவிப்பைப் பிடியுங்கள்

புதிதாக வருபவர்கள் எல்லோரும் மொத்த ஊழலையும் ஒரே மனுவில் பிடிக்கப் பார்ப்பார்கள். வேண்டாம். ஒரு அறிவிப்பு போதும். அதில் மூன்று விஷயம் இருக்க வேண்டும்: எந்த இடம், எவ்வளவு தொகை, எந்த ஆண்டு. ‘மருத்துவ வசதிகள் மேம்படுத்தப்படும்’ என்பதைப் பிடித்துக்கொண்டு எங்கேயும் போக முடியாது. ‘இன்ன ஊரில் இத்தனை லட்சம் செலவில் கட்டடம்’ என்று இருந்தால் அதன் பின்னாலேயே போகலாம்.

அறிவிப்புகள் வரும் இடங்கள் முக்கியமாக நான்கு. ஆளுநர் உரை, அது பெரும்பாலும் பொதுப்படையாக இருக்கும். நிதியமைச்சரின் பட்ஜெட் உரை. அப்புறம் துறைவாரியாக மானியக் கோரிக்கை விவாதம் நடந்து முடியும்போது அமைச்சர் பதிலுரையில் வாசிக்கும் அறிவிப்புகள், நம் ஊர் பெயர் வருவது அதிகமும் இதில்தான். நான்காவது 110 விதி அறிவிப்பு. பேரவை விதிகளில் 110-ஆவது விதியின் கீழ் முதலமைச்சரோ அமைச்சரோ பேரவைத் தலைவரின் அனுமதியோடு ஒரு அறிக்கை வாசிக்கலாம், அதன் மேல் விவாதம் கிடையாது. எந்தக் கட்சி ஆண்டாலும் இதைத் தாராளமாகப் பயன்படுத்தியிருக்கிறார்கள். அவையில் ஒரு கேள்விகூட எழாமல் கடந்து போவதால்தான் 110 அறிவிப்புகளை வெளியிலிருந்து பின்தொடர்வது ரொம்ப அவசியம் என்று நினைக்கிறேன்.

செய்தித்தாள் வெட்டு போதாது, அறிவிப்பின் சரியான வாசகம் வேண்டும். ஒவ்வொரு துறையும் மானியக் கோரிக்கையின்போது ‘கொள்கை விளக்கக் குறிப்பு’ என்று ஒரு புத்தகம் வெளியிடுகிறது, தமிழிலேயே இருக்கிறது, அரசின் இணையதளத்தில் இலவசமாக இறக்கிக்கொள்ளலாம். பேரவை நடவடிக்கைக் குறிப்புகள் பேரவையின் தளத்தில் கிடைக்கும். கேள்வி நேரம் 2022 ஜனவரியிலிருந்து நேரலையில் வருகிறது. வாசகத்தை அப்படியே ஒரு தாளில் எழுதி, தேதியையும் போட்டு வையுங்கள். உங்கள் கோப்பின் முதல் பக்கம் அதுதான்.

பணம் ஒதுக்கினார்களா என்று பாருங்கள்

பட்ஜெட் ஆவணங்களைப் பார்த்ததும் பயந்துவிட வேண்டாம். முழுவதும் படிக்கத் தேவையில்லை. ஒவ்வொரு துறைக்கும் ஒரு மானியக் கோரிக்கை எண் உண்டு. மக்கள் நல்வாழ்வுத் துறைக்கு 19, ஊரக வளர்ச்சிக்கு 42, பள்ளிக் கல்விக்கு 43. உங்கள் துறையின் எண்ணைத் தெரிந்துகொண்டு அந்தப் புத்தகத்தை மட்டும் திறங்கள்.

உள்ளே ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில் சில பத்திகள் இருக்கும்: முந்தைய ஆண்டில் உண்மையில் செலவானது, நடப்பு ஆண்டுக்கு முதலில் போட்ட மதிப்பீடு, அதையே பிற்பாடு மாற்றிய திருத்த மதிப்பீடு, அடுத்த ஆண்டுக்கான மதிப்பீடு. உரையில் நாம் கேட்பது மதிப்பீட்டுத் தொகை. திருத்த மதிப்பீட்டில் அது பாதியாகக் குறைந்திருக்கலாம், உண்மைச் செலவில் இன்னும் இறங்கியிருக்கலாம். முதல் மதிப்பீட்டுக்கும் உண்மைச் செலவுக்கும் நடுவில் உள்ள இடைவெளிதான் நீங்கள் தேடுவது. ஒரு ஆண்டின் உண்மைச் செலவு இரண்டு ஆண்டு கழித்து வரும் பட்ஜெட் புத்தகத்தில்தான் இருக்கும் என்பதால் பழைய ஆண்டுப் புத்தகங்களையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மாநிலத்தின் மொத்த வரவு செலவு மாதாமாதம் எப்படிப் போகிறது என்பதை இந்தியக் கணக்கு மற்றும் தணிக்கைத் துறைத் தலைவரின் தளத்திலேயே பார்க்கலாம்.

மாநில நிதிநிலை பற்றி எதுவும் தெரியாது, எங்கே ஆரம்பிப்பது என்று கேட்பவர்களுக்கு நான் 2021 ஆகஸ்ட் 9 அன்று அப்போதைய நிதியமைச்சர் பழனிவேல் தியாகராஜன் வெளியிட்ட வெள்ளை அறிக்கையைச் சொல்வேன். ஒரு குடும்பத்தின் தலையில் 2,63,976 ரூபாய் கடன் என்ற வரி அதிலிருந்துதான் ஊரெல்லாம் பேசப்பட்டது. கடன் எங்கே ஒளிந்திருக்கும், மின்வாரியமும் போக்குவரத்துக் கழகங்களும் அரசின் கணக்கோடு எப்படிப் பின்னிக் கிடக்கின்றன என்பது புரியும். ஒரு ஆட்சி முந்தைய ஆட்சியைப் பற்றி எழுதியது என்பதையும் மனதில் வைத்தே படியுங்கள்.

அரசாணையைக் கண்டுபிடியுங்கள்

அறிவிப்பு பேச்சு, அரசாணைதான் உத்தரவு. அவையில் அறிவித்தது நடக்க வேண்டுமானால் சம்பந்தப்பட்ட துறையின் செயலாளர் பெயரில் அரசாணை வந்திருக்க வேண்டும். வரவில்லை என்றால் விஷயம் அங்கேயே நின்றுவிட்டது என்று அர்த்தம், அடுத்த கேள்வியை நீங்கள் எங்கே கேட்க வேண்டும் என்பதும் தெரிந்துவிடும்.

அரசாணை எண்ணோடு (நிலை) அல்லது (வாலாயம்) என்று ஏதாவது சேர்ந்திருக்கும், அதையும் தேதியையும் துறையின் பெயரையும் அப்படியே குறித்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் அரசு அலுவலகத்தில் எண் சொன்னால் ஒரு மரியாதையும் பொருள் சொன்னால் வேறு மரியாதையும்தான். அரசாணையின் தலைப்பில் ‘படிக்கப்பட்டவை’ என்று ஒரு பட்டியல் இருக்கும். பலர் அதைத் தாண்டிப் போய்விடுவார்கள், ஆனால் அதில்தான் எந்த அறிவிப்பின் பேரில், எந்த இயக்குநரின் எந்தக் கடிதத்தின் பேரில் இந்த ஆணை பிறந்தது என்று வரிசையாக எழுதியிருக்கும். அந்தக் கடிதங்கள் ஒவ்வொன்றையும் நகல் கேட்கலாம்.

அரசாணைக்குப் பின் கட்டட வேலை போகும் வழியைத் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். நிர்வாக ஒப்புதல், பிறகு பொறியாளர் தரும் தொழில்நுட்ப ஒப்புதல், ஒப்பந்தப்புள்ளி அதாவது டெண்டர், பணி ஆணை, வேலை நடக்க நடக்க உதவிப் பொறியாளர் அளந்து எழுதும் எம் புக் என்கிற அளவுப் புத்தகம், அதை வைத்துப் போடும் பில், கடைசியில் பணி நிறைவுச் சான்று. வேலை எங்கே முடங்கியிருக்கிறது என்பதை இந்த வரிசையில் எந்தக் காகிதம் இல்லை என்று பார்த்தே சொல்லிவிடலாம்.

டெண்டரில் முக்கியமாகத் தேதிகளைப் பாருங்கள். தமிழ்நாடு ஒப்பந்தப்புள்ளிகளில் வெளிப்படைத்தன்மைச் சட்டம் 1998-இல் வந்தது, அதன் விதிகள் 2000-இல். அந்த விதிகளின்படி 2 கோடி ரூபாய் வரையிலான வேலைக்குக் குறைந்தது 15 நாளும் அதற்கு மேற்பட்ட வேலைக்கு 30 நாளும் அவகாசம் தர வேண்டும். அவகாசத்தைக் குறைத்தால் மேலதிகாரி அனுமதி தந்திருக்க வேண்டும், காரணமும் எழுத்தில் இருக்க வேண்டும். அறிவிப்பு வந்த நாள், மூடிய நாள் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதுங்கள். குறைவாக இருந்தால் அந்தக் காரணம் எழுதிய தாளின் நகலைக் கேளுங்கள்.

தகவல் உரிமை மனு

இனி வருவதுதான் முக்கியமான வேலை. தகவல் அறியும் உரிமைச் சட்டம் நாடு முழுக்க 2005-இல் வந்தது, ஆனால் இந்தியாவிலேயே முதலில் இப்படியொரு சட்டம் இயற்றிய மாநிலம் தமிழ்நாடு, 1997-இல். அந்தப் பழைய சட்டத்தில் விலக்குகள் அதிகம், பெரிதாகப் பயன்படவில்லை. இப்போது நம் கையில் இருப்பது 2005 சட்டம்.

வெள்ளைத் தாளில் எழுதினால் போதும், தமிழிலேயே எழுதலாம். ஏன் கேட்கிறீர்கள் என்று யாரும் கேட்கக் கூடாது, 6(2) பிரிவு அதைத் தெளிவாகச் சொல்கிறது. கட்டணம் 10 ரூபாய், பெரும்பாலானவர்கள் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி அனுப்புகிறார்கள், ஆன்லைனிலும் அனுப்ப வழி இருக்கிறது. வறுமைக் கோட்டுக்குக் கீழ் உள்ளவர்களுக்குக் கட்டணம் இல்லை, சான்றின் நகலை வைக்க வேண்டும். நகலுக்குப் பக்கத்துக்கு 2 ரூபாய்.

யாருக்கு அனுப்புவது என்பதில்தான் பலர் வழுக்குகிறார்கள். அரசாணையும் அதன் கோப்பும் தலைமைச் செயலகத்தில் அந்தத் துறையின் பொதுத் தகவல் அலுவலரிடம் இருக்கும். டெண்டரும் எம் புக்கும் வேலை செய்யும் பிரிவில், பெரும்பாலும் பொதுப்பணித் துறைக் கட்டடப் பிரிவின் செயற்பொறியாளர் அலுவலகத்தில் இருக்கும். இரண்டுக்கும் தனித்தனி மனு போடுங்கள், 10 ரூபாய் மிச்சம் பிடிக்க ஒரே மனுவில் திணித்தால் இரண்டு மாதம் வீணாகும். தவறான இடத்துக்குப் போய்விட்டாலும் 6(3) பிரிவின்படி 5 நாளுக்குள் உரிய அலுவலகத்துக்கு அவர்களே மாற்றி அனுப்ப வேண்டும்.

கேள்வி எழுதும் விதம் இப்படி:

‘மக்கள் நல்வாழ்வுத் துறை மானியக் கோரிக்கையின்போது இன்ன தேதியில் பேரவையில் அறிவிக்கப்பட்ட, இன்ன ஊர் ஆரம்ப சுகாதார நிலையப் புதிய கட்டடம் தொடர்பாக:
1. இந்த அறிவிப்பைச் செயல்படுத்த வெளியிடப்பட்ட அரசாணையின் நகல்.
2. நிர்வாக ஒப்புதல், தொழில்நுட்ப ஒப்புதல் ஆணைகளின் நகல்.
3. ஒப்பந்தப்புள்ளி அறிவிப்பு, வந்த புள்ளிகளை ஒப்பிட்ட பட்டியல், பணி ஆணை, ஒப்பந்தம் ஆகியவற்றின் நகல்.
4. இன்றைய தேதி வரை இந்த வேலைக்காக எழுதப்பட்ட அளவுப் புத்தகப் பக்கங்கள், வழங்கப்பட்ட தொகைக்கான பட்டியல்களின் நகல்.
5. மேற்படி கோப்பைப் பிரிவு 2(j)-இன் கீழ் நேரில் பார்வையிட நாளும் நேரமும்.’

இதில் ‘ஏன்’ என்ற சொல்லே இல்லை என்பதைக் கவனியுங்கள். ‘ஏன் தாமதம்?’ என்று கேட்டால், அது தகவல் இல்லை, விளக்கம் என்று திருப்பி அனுப்பிவிடுவார்கள், அப்படித் திருப்பச் சட்டத்தில் இடமும் இருக்கிறது. ஏற்கெனவே பதிவில் இருப்பதை மட்டும்தான் கேட்க முடியும். தாமதத்துக்கான காரணம் வேண்டுமானால் ‘தாமதம் குறித்து இந்தக் கோப்பில் உள்ள குறிப்புகளின் நகல்’ என்று கேளுங்கள்.

ஐந்தாவது கேள்வியை விட்டுவிடாதீர்கள். கோப்பை நேரில் பார்ப்பதற்கு முதல் ஒரு மணி நேரம் கட்டணம் இல்லை. நகலில் வராத விஷயம் கோப்பில் இருக்கும்: ஓரத்தில் பென்சிலில் எழுதிய குறிப்பு, மூன்று முறை திருப்பி அனுப்பப்பட்ட மதிப்பீடு, நிலம் இன்னும் கைக்கு வரவில்லை என்று வட்டாட்சியர் எழுதிய ஒரு பக்கக் கடிதம். பாதி வேலைகள் நின்று கிடப்பதற்கு அந்த ஒரு பக்கக் கடிதம் மாதிரி ஏதோ ஒன்றுதான் காரணமாக இருக்கிறது, ஊரில் நாம் ஊழல் என்று நினைத்துக்கொண்டிருப்போம். இன்னொருவரையும் கூட்டிக்கொண்டு போங்கள். ஒருவர் பக்கங்களைப் புரட்ட, மற்றவர் பக்க எண்ணோடு குறிப்பெடுக்கட்டும், வேண்டிய பக்கங்களுக்கு மட்டும் பிறகு நகல் கேட்டு வாங்கலாம்.

வரும் பதில்களும் அவற்றுக்கு மறுபதிலும்

30 நாளுக்குள் பதில் வர வேண்டும். வருவது சில வகைதான்.

‘பக்கங்கள் அதிகம், இத்தனை ஆயிரம் கட்டவும்’ என்று வந்தால் உடனே கட்டாதீர்கள், நேரில் பார்த்துத் தேவையானதைத் தேர்ந்தெடுங்கள். அந்தக் கடிதமே 30 நாள் தாண்டி வந்திருந்தால் 7(6) பிரிவின்படி இலவசமாகத் தர வேண்டும் என்று திருப்பி எழுதுங்கள்.

‘கோப்பு கிடைக்கவில்லை’ என்று வரலாம். தகவல் மறுக்க அனுமதிக்கப்பட்ட காரணங்கள் 8, 9 பிரிவுகளில் இருக்கின்றன, கோப்பு தொலைந்தது என்பது அவற்றில் இல்லை. மேல்முறையீட்டில் இதை எழுதுங்கள்.

‘இது வணிக ரகசியம்’, ‘இது தனிநபர் தகவல்’ என்று மறுப்பது இப்போது கூடி வருகிறது. தனிநபர் தகவல் பற்றிய 8(1)(j) பிரிவை 2023-இன் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் வழியாகத் திருத்திவிட்டார்கள், முன்பு அதற்குள்ளேயே இருந்த பொதுநல வாசகம் போய்விட்டது. இது நம்மைப் போன்றவர்களுக்குப் பெரிய அடி, இதை எதிர்த்துப் பேசிக்கொண்டே இருக்க வேண்டும். இருந்தாலும் 8(2) பிரிவு அப்படியே இருக்கிறது. வெளியிடுவதில் உள்ள பொதுநலம் பெரிது என்றால் விலக்கு இருந்தாலும் தரலாம் என்கிறது அது. பொதுப் பணத்தில் கட்டிய ஆஸ்பத்திரிக் கட்டடத்தின் பில் எப்படிப் பொதுநலம் ஆகிறது என்று இரண்டு வரியில் எழுதிவிடுங்கள்.

‘தகவல் இல்லை’ என்று ஒற்றை வரியில் வரும் பதிலைப் பார்த்துப் பலர் சோர்ந்துவிடுகிறார்கள். எனக்கு அது நல்ல பதில். பேரவையில் அறிவித்து இரண்டு வருடம் ஆகியும் அரசாணை இல்லை என்று அரசே கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறது, இதைவிட வேறென்ன ஆதாரம் வேண்டும்?

பதிலே வரவில்லை, அல்லது வந்தது சரியில்லை என்றால் 30 நாளுக்குள் அதே துறையின் முதல் மேல்முறையீட்டு அலுவலருக்கு எழுதுங்கள், கட்டணம் இல்லை. அவர் 30 நாளில், மிஞ்சிப்போனால் 45 நாளில் முடிவு சொல்ல வேண்டும். அங்கேயும் ஆகவில்லை என்றால் 90 நாளுக்குள் சென்னையில் உள்ள தமிழ்நாடு தகவல் ஆணையத்துக்கு இரண்டாவது மேல்முறையீடு. காரணமில்லாமல் தாமதித்த தகவல் அலுவலருக்கு நாளுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 ரூபாய் வரை அபராதம் போட ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு. ஆணையத்தில் விசாரணைக்கு வர நாளாகும், அதனால் முதல் மேல்முறையீட்டையே சிரத்தையாக எழுதுங்கள், பல விஷயங்கள் அங்கேயே முடிந்துவிடும். எல்லாத் தேதியையும் ஒரு நோட்டில் வரிசையாக எழுதி வையுங்கள், ஒரு நாள் தவறினால் அதையே காரணம் காட்டித் தள்ளிவிடுவார்கள். ஸ்பீட் போஸ்ட் ரசீதை மனு நகலின் பின்னாலேயே குத்தி வையுங்கள்.

தணிக்கை அறிக்கைகளையும் படியுங்கள்

நீங்கள் கேட்கப் போகும் கேள்வியைத் தணிக்கைக்காரர்கள் ஏற்கெனவே கேட்டிருக்கலாம். மாநிலக் கணக்குகளைத் தணிக்கை செய்து தணிக்கைத் துறைத் தலைவர் தரும் அறிக்கை ஆளுநரிடம் போகும், அவர் அதைப் பேரவையில் வைக்கச் செய்ய வேண்டும், இது அரசியலமைப்பின் 151(2) பிரிவு. எத்தனை நாளுக்குள் என்று மட்டும் அதில் இல்லை. இந்த ஓட்டை எவ்வளவு பெரியது என்பதற்கு 2015 சென்னை வெள்ளம் போதும். டிசம்பர் 1 அன்று செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து விநாடிக்கு 29,000 கன அடி வரை திறந்துவிட்டது முறையல்ல, இது மனிதர்களால் நேர்ந்த பேரழிவு என்ற முடிவுக்கு வந்த தணிக்கை அறிக்கை பேரவைக்கு வந்தது 2018 ஜூலையில். வீடு இழந்தவர்கள் இரண்டரை வருடம் காத்திருந்தார்கள், ஒரு அரசு ஆவணம் அதைச் சொல்வதற்கு. அடையாற்றங்கரையில் இருந்தவர்களுக்கு அந்த அறிக்கை அடுத்த மழைக்கு முன்பே கிடைத்திருக்க வேண்டும்.

அறிக்கை பேரவையில் வைக்கப்பட்ட அன்றே பொது ஆவணம் ஆகிவிடுகிறது, தணிக்கைத் துறையின் தளத்தில் இறக்கிக்கொள்ளலாம். பொருளடக்கத்தில் உங்கள் துறையைத் தேடுங்கள், பிறகு பின்னிணைப்புக்குப் போங்கள். முன்பக்கங்களில் மாநிலம் முழுக்கத் தொகுத்துச் சொல்லியிருப்பார்கள், மாவட்டம், வேலை, தொகை என்று பெயரோடு இருப்பது பின்னிணைப்பில்தான். உங்கள் மாவட்டத்தில் அதே மாதிரி ஒரு கட்டடம் கட்டி முடித்துப் பூட்டிக் கிடந்தது என்று அதில் இருந்தால், பத்தி எண்ணோடு குறித்துக்கொள்ளுங்கள், அடுத்த மனுவில் அது உதவும்.

திரும்பச் சட்டமன்றத்துக்கு

சேர்த்ததை வைத்து என்ன செய்வது? போராட்டம், ஊடகம் எல்லாம் அவரவர் விருப்பம். நான் சொல்வது, அறிவிப்பு பிறந்த அவைக்கே அதைத் திருப்பிக் கொண்டுபோங்கள் என்பதுதான்.

உங்கள் தொகுதி எம்எல்ஏ எந்தக் கட்சியாக இருந்தாலும் அவரிடம் கொடுங்கள், கூடவே அந்தத் துறையைப் பற்றி அவையில் வழக்கமாகப் பேசும் வேறு கட்சி உறுப்பினர் ஒருவருக்கும் கொடுங்கள். நாற்பது பக்கக் கட்டைக் கொடுத்தால் கார் டிக்கியோடு போய்விடும். அரைப் பக்கம் போதும்: அறிவிப்பு வாசகமும் தேதியும், தகவல் உரிமையில் வந்த பதிலும் அதன் எண்ணும், கேட்க வேண்டிய ஒரே கேள்வி. கூட்டத்தொடர் தொடங்கிய பிறகு ஓடாதீர்கள், கேள்விக்கு முன்கூட்டியே அறிவிப்புக் கொடுக்க வேண்டும் என்பதால் கூட்டத்தொடர் தேதி வெளியானதுமே போங்கள். எம்எல்ஏவின் தொகுதி மேம்பாட்டு நிதியில் எந்தெந்த வேலை நடந்தது என்ற பட்டியலை மாவட்ட ஊரக வளர்ச்சி முகமையில் தகவல் உரிமையில் வாங்கிப் படித்துவிட்டுப் போனால் பேச்சு வேறு மாதிரி இருக்கும்.

அடுத்து பேரவைக் குழுக்கள். இவற்றைப் பற்றி ஊரில் யாருக்கும் அதிகம் தெரியாது, ஆனால் அவை மாவட்டம் மாவட்டமாக ஆய்வுக்கு வருகின்றன, வரும் தேதி உள்ளூர்ப் பேப்பரில் சின்னதாக இருக்கும். அமைச்சர் அவையில் ‘ஆவன செய்யப்படும்’ என்று சொன்னது நடந்ததா என்று பார்ப்பதற்கென்றே அரசு உறுதிமொழிக் குழு இருக்கிறது, நம் வேலைக்கு நேராகப் பொருந்துவது இதுதான். மனுக்கள் குழு பொதுமக்களிடமிருந்தே மனு வாங்குகிறது. ஒரு மனுவில் ஒரே பிரச்சினை, ஒரே துறை என்று எழுதுங்கள், கோர்ட்டில் வழக்கு இருக்கும் விஷயத்தைத் தொடாதீர்கள். பொதுக் கணக்குக் குழு தணிக்கை அறிக்கைகளை எடுத்து அதிகாரிகளை விசாரிக்கும் இடம். இதற்கு எதிர்க்கட்சியைச் சேர்ந்தவர் தலைவராக இருப்பது நல்ல மரபு, ஆனால் 2021 தேர்தலுக்குப் பின் ஆளுங்கட்சிக் கூட்டணியில் இருந்த காங்கிரஸின் செல்வப்பெருந்தகை அந்தப் பொறுப்புக்கு வந்தார். தனி ஒருவரைக் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை. அரசைச் சோதிக்கும் நாற்காலியில் அரசோடு கூட்டணியில் இல்லாதவர் உட்காருவதுதான் முறை, எந்தக் கட்சி ஆண்டாலும் இதைக் கேட்க வேண்டும்.

கிராம சபையையும் விடாதீர்கள். ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1 என்று ஆண்டுக்கு ஆறு. மாநிலத் துறையைக் கிராம சபை நேரடியாக ஆட்டிவைக்க முடியாது, ஆனால் ‘அறிவித்த கட்டடத்துக்கு அரசாணை இன்னும் வரவில்லை, உடனே வெளியிட வேண்டும்’ என்று தீர்மானப் புத்தகத்தில் ஏற்றி நகல் வாங்கிவிட்டால் தனி ஆள் கோரிக்கை ஊர்க் கோரிக்கையாகிவிடும். திங்கட்கிழமை கலெக்டர் ஆபீஸ் மனு நாளில் கொடுக்கும் மனுவோடு இந்த நகலை இணையுங்கள்.

சில எச்சரிக்கைகள்

தனியாகச் செய்யாதீர்கள். டெண்டர், மணல், நிலம் சம்பந்தப்பட்ட கேள்வி கேட்டவர்கள் மிரட்டப்பட்டிருக்கிறார்கள், நாட்டில் சிலர் கொல்லப்பட்டும் இருக்கிறார்கள். ஒரே கேள்வியை நாலைந்து பேர் தனித்தனி ஊரிலிருந்து அனுப்புங்கள், கிடைத்த காகிதத்தின் படத்தை அன்றே நண்பர்களிடம் கொடுத்து வையுங்கள். அப்போது ஒருவரை மிரட்டிப் பயனில்லை.

எழுதும்போது காகிதத்தில் இருப்பதை மட்டும் எழுதுங்கள். ‘2 கோடிக்கு மேற்பட்ட வேலை, டெண்டருக்கு 9 நாள்தான் கொடுத்திருக்கிறார்கள், காரணம் எழுதிய தாள் கோப்பில் இல்லை’ என்பது உண்மை, அதை யாரும் அசைக்க முடியாது. ‘கமிஷன் அடித்துவிட்டார்கள்’ என்பது உங்கள் ஊகம், அதை எழுதினால் அவதூறு வழக்கு உங்கள் மேல் வரும், கட்டடம் மறந்துபோகும். கீழ்நிலை ஊழியர்களிடம் கோபத்தைக் காட்ட வேண்டாம், கோப்பு எந்த அலமாரியில் இருக்கிறது என்று தெரிந்தவர்கள் அவர்கள்தான்.

வேலை தொடங்கிவிட்டால்

கடைக்கால் தோண்டியதும் நம் வேலை முடிந்தது என்று விட்டுவிடுகிறார்கள். கையில் மதிப்பீட்டின் நகலோடு போய்ப் பாருங்கள். எத்தனை சதுர அடி, எத்தனை அறை, கம்பி எத்தனை மில்லி, சிமெண்ட் கலவை என்ன விகிதம் என்று எல்லாம் அதில் இருக்கும். 2(j) பிரிவு வேலையை நேரில் பார்வையிடவும், பயன்படுத்தும் பொருளின் சான்றளிக்கப்பட்ட மாதிரியை எடுக்கவும் உரிமை தருகிறது, இது பலருக்குத் தெரியாது. மாதிரி எடுக்க மனு போட்டாலே கலவையின் தரம் கூடிவிடுவதைப் பார்க்கலாம். தளம் போடுவதற்கு முன்னால் மனு போடுங்கள், கான்கிரீட் போட்டு மூடிய பிறகு கம்பியை எண்ண முடியாது. இறுதி பில் பாஸ் ஆவதற்குள் குறைகளைப் படத்தோடும் தேதியோடும் செயற்பொறியாளருக்கு எழுதி, நகலைக் கண்காணிப்புப் பொறியாளருக்கு அனுப்புங்கள். பில் போன பிறகு கண்ணில் படும் விரிசலுக்கு, ஒப்பந்ததாரர் தன் செலவில் பழுது பார்த்துத் தர வேண்டிய காலம் எவ்வளவு என்று ஒப்பந்தத்தில் பாருங்கள், மூன்றாவது கேள்விக்கு வாங்கிய நகலில் அது இருக்கும்.